சாப்பிட்டுச் சாப்பிட்டே கலைந்த சங்கம்

எங்கள் கோல்கீப்பர் நின்றபடியே தூங்கிக்கொண்டிருந்தான்.

மிகைப்படுத்திச் சொல்லவில்லை. நாச்சியாபுரம் கல்லூரி மைதானம். மாலை மூன்றரை மணி. கோல் கம்பத்தில் முதுகைச் சாய்த்து, இரண்டு கைகளையும் வயிற்றின்மேல் கட்டிக்கொண்டு, வாயை லேசாகத் திறந்து வைத்திருந்தான். பந்து வேகமாகக்கூட வரவில்லை. தயங்கித் தயங்கி உருண்டு, அவன் காலுக்குப் பக்கத்தில் கொஞ்சம் யோசித்துவிட்டு உள்ளே போயிற்று. விசில் சத்தம் கேட்டுக் கண் திறந்தவன் என்னைப் பார்த்துக் கேட்டான்:

“பாயசம் வந்துருச்சா சார்?”

அது அவர்களுடைய ஒன்பதாவது கோல்.

நான் பயிற்சியாளன் இல்லை. காரைக்குடியில் ஒரு கல்லூரியில் வேதியியல் டெமான்ஸ்ட்ரேட்டர். வயது இருபத்து நான்கு. எங்கள் கல்லூரியில் இருந்த பி.டி. சார், அதாவது விளையாட்டுக்குப் பொறுப்பானவர், வேறு ஊரில் வேலை கிடைத்துப் போய்விட்டார். மறுநாளே பிரின்சிபால் என்னைக் கூப்பிட்டார்.

“நீங்க ஒருத்தர்தான் கல்யாணம் ஆகாதவர். சாயங்காலம் சும்மாதானே இருக்கீக?” என்றார்.

நான் பதில் சொல்வதற்குள் ஒரு விசிலும் ஒரு நீளமான நோட்டும் கைக்கு வந்துவிட்டன. நோட்டின் அட்டையில் ‘நாற்கல்லூரி விளையாட்டுச் சங்கம், கௌரவச் செயலாளர்’ என்று எழுதியிருந்தது. அப்படித்தான், பந்து பிடிக்கத் தெரியாத நான், நான்கு கல்லூரிகளின் விளையாட்டுக்குச் செயலாளர் ஆனேன்.

ஒன்று சொல்லிவிடுகிறேன். ஊர்ப் பெயர்களை இடம் மாற்றிப் போட்டிருக்கிறேன். ‘நாச்சியாபுரத்தில் கல்லூரி ஏது?’ என்று யாரும் ஆசிரியருக்குக் கடிதம் எழுத வேண்டாம். ஆட்களும் அவர்களுடைய பேரப்பிள்ளைகளும் இருக்கிறார்கள்.

தோற்பதற்கு மதுரை எதற்கு?

சங்கம் எனக்கு முன்பே ஏற்பட்டது. அறுபதுகளின் தொடக்கம் என்று நினைக்கிறேன்.

அதற்கு முன்னால் எங்கள் பையன்கள் பல்கலைக்கழகப் போட்டிக்கு மதுரைக்குப் போவார்கள். காலை பஸ்ஸில் போய், முதல் சுற்றில் தோற்று, மத்தியான பஸ்ஸில் திரும்பிவிடுவார்கள். நாச்சியாபுரம், ஒக்கூர், நெற்குப்பைக் கல்லூரிகளுக்கும் இதே கதிதான். நான்கு பிரின்சிபால்களும் ஒரு கல்யாண வீட்டில் சந்தித்தபோது யாரோ ஒருவர் கேட்டாராம்: “தோக்குறதுக்கு எதுக்கு மதுரை வரைக்கும் போகணும்? நமக்குள்ளயே வச்சுக்கிட்டா ஒருத்தராச்சும் செயிப்போம்ல?”

இதைவிட நேர்மையான காரணத்தோடு ஒரு சங்கம் தொடங்கியிருக்க முடியாது.

கால்பந்து, கபடி, கைப்பந்து எல்லாம் வருடம் முழுவதும் ஒருவர் ஊருக்கு ஒருவர் போய் ஆடுவது. வருடக் கடைசியில் ஓட்டம், தாண்டுதல், குண்டு எறிதல் எல்லாம் சேர்த்து ஒரே நாள் பெரிய போட்டி. அதை முறை வைத்து ஒவ்வொரு கல்லூரியும் நடத்த வேண்டும்.

விதிகளை எழுதியவர் நெற்குப்பைக் கல்லூரியின் தமிழாசிரியர். மொத்தம் பன்னிரண்டு விதிகள். விளையாட்டைப் பற்றி அதில் அதிகம் இல்லை. வரவேற்பது, மாலை போடுவது, யார் எங்கே உட்காருவது என்றெல்லாம் விரிவாக இருந்தது. ஏழாவது விதி இது: ‘வருகை தரும் அணிக்கு, ஆட்டத்துக்கு முன் நண்பகல் உணவு குறைவின்றி அளிக்கப்படல் வேண்டும். உணவை மறுக்கும் அணி, அழைத்த கல்லூரியை அவமதித்ததாகக் கருதப்பட்டு இரண்டு புள்ளிகளை இழக்கும்.’

எழுதியவர் நல்லெண்ணத்தில்தான் எழுதினார். நாச்சியாபுரத்தைப் பற்றி அவர் யோசிக்கவில்லை.

வள்ளியம்மை ஆச்சியின் பந்தி

நாச்சியாபுரம் கல்லூரியைக் கட்டிக் கொடுத்த குடும்பத்தில் அப்போது பெரியவராக இருந்தவர் வள்ளியம்மை ஆச்சி. நிர்வாகத்தில் எதிலும் தலையிட மாட்டார். ஆனால் கல்லூரிக்கு விருந்தாளி வருகிறார்கள் என்றால் சமையல் ஆச்சியின் பொறுப்பு. அவர் வீட்டுச் சமையல்காரர்களே வந்து அடுப்பு மூட்டுவார்கள்.

ரேஷன் கடையில் அரிசிக்கு நாங்கள் வரிசையில் நின்ற காலம் அது. எங்கள் விடுதியில் வாரத்தில் பாதி நாள் கோதுமை உப்புமா. அதைத் தின்றுவிட்டுப் போகிற பயல்களுக்கு முன்னால் தலைவாழை இலையைப் போட்டு, பருப்பு, நெய், வெண்டைக்காய் மண்டி, கறிக்குழம்பு, கோழி, வடை, சீயம், பாயசம் என்று வரிசையாக வந்தால் என்ன ஆகும்? கடைசியில் கவுனி அரிசி. கருஞ்சிவப்பாக வெந்து, சர்க்கரையும் தேங்காயும் போட்டுப் பளபளவென்று வரும். அதில் இரண்டு கரண்டி தின்றால் ஆள் எழுந்திருப்பதே சிரமம்.

நாச்சியாபுரத்தில் வெளியூர் அணி ஜெயித்ததே கிடையாது.

அங்கே பி.டி. சாராக இருந்தவர் சுந்தரம். ஒல்லியான மனிதர், சிரித்த முகம். பந்தி நடக்கும்போது இலை இலையாகப் போய், “இன்னுங் கொஞ்சம் வாங்கிக்கங்க, வளர்ற புள்ளைக” என்று உபசரிப்பார். அவருடைய பையன்கள் மட்டும் பந்தியில் உட்கார மாட்டார்கள். கேட்டால், “விருந்தாளிக முதல்ல, நாங்க பெறகு” என்பார். பதினோரு மணிக்கே அவர்களுக்கு அளவாகத் தயிர்சாதம் கொடுத்து ஓய்வெடுக்க வைத்துவிடுவார் என்பது எனக்கு இரண்டாம் வருடம்தான் தெரிந்தது.

இத்தனைக்கும் எங்கள் பையன்களில் ஒருவன்கூடப் புகார் சொன்னதில்லை. வருடக் கடைசிப் போட்டி நாச்சியாபுரத்தில் என்று நோட்டீஸ் ஒட்டினேன். குண்டு எறிதலுக்கு மட்டும் பதினேழு பேர் பெயர் கொடுத்தார்கள். அதில் நாலைந்து பேரால் குண்டைத் தூக்கவே முடியவில்லை.

சோலைமலை

ஒரே ஒருவன் மட்டும் கவலையோடு வந்து நின்றான். பி.ஏ. கடைசி வருடம் படித்த சோலைமலை.

கல்லல் பக்கத்தில் ஒரு சிறிய ஊர். விவசாயக் குடும்பம். தினமும் காலையில் வயலில் அப்பாவுக்குக் கொஞ்சம் கைகொடுத்துவிட்டு, கல்லல் ஸ்டேஷனுக்கு ஓடிவந்து காரைக்குடி ரயிலைப் பிடிப்பான். ரயில் எப்போதும் நேரத்துக்கு வரும், இவன் எப்போதும் நேரங்கழித்துக் கிளம்புவான். அந்த வகையில் நல்ல பயிற்சி. ஆயிரத்தைந்நூறு மீட்டரில் இரண்டு வருடமாக அவன்தான் முதல்.

“சார், ரயில்வேயில விளையாட்டுக்காரவுகளுக்கு ஆள் எடுக்குறாக. இந்த வருசம் முதல் பரிசு வாங்குன சான்றிதழ் வேணுமாம். மத்த ஊர்ல நடந்தாக் கவலையில்ல. நாச்சியாவரத்துல நடக்குதே.”

“நீ கொஞ்சமாச் சாப்பிடு. அவ்வளவுதானே?”

அவன் என்னைப் பரிதாபமாகப் பார்த்தான்.

“எனக்கு வேணாம்னு சொல்ல வராது சார். எங்க வீட்ல யாருக்கும் வராது. இலையில வச்சா மிச்சம் வைக்கவும் தெரியாது.”

பொய் இல்லை. பரிசோதனைக்கூடத்தில் நான் டீ குடிக்கும்போது யாராவது ஒரு பேச்சுக்கு, “என்ன சோலைமலை, டீ வேணுமா?” என்று கேட்டால்கூட வாங்கிக்கொள்வான். பிறகு ‘கேட்டுட்டீகளே’ என்று சங்கடப்படுவான்.

ஏழாவது விதியைத் திருத்தச் சொல்லி நான்கு பிரின்சிபால்களுக்கும் எழுதினேன். சாப்பாட்டை ஆட்டத்துக்குப் பிறகு வைத்துக்கொள்ளலாம் என்று ஒரே வரி. நாச்சியாபுரத்திலிருந்து சுந்தரம் சார் எழுதிய பதில் வந்தது. ‘பசியோடு வருபவர்களை வெயிலில் ஓடவிட்டு வேடிக்கை பார்க்கும் பழக்கம் எங்கள் ஊருக்கு இல்லை.’ அதைப் படித்து மற்ற மூன்று பிரின்சிபால்களும் வெட்கப்பட்டுப் போனார்கள். எங்கள் பிரின்சிபால் என்னைக் கூப்பிட்டு, “ஏங்க, சோறு போடுறவுகளைப் போயி குத்தம் சொல்லலாமா?” என்றார்.

கண்மாய்க் கரையில் இரண்டு மணி நேரம்

வேறு வழியில்லாமல் ஒரு திட்டம் போட்டேன். சாப்பாட்டை மறுத்தால்தானே புள்ளி போகும்? சாப்பாட்டு நேரம் முடிந்தபிறகு போய்ச் சேர்ந்தால்?

போட்டி மூன்று மணிக்கு. எங்களுக்கு அமர்த்தியிருந்த வண்டியின் டிரைவர் முத்தையாவிடம் தனியாகப் பேசினேன். பாதி வழியில் ஒரு கண்மாய்க் கரையில் வண்டி நின்றது. முத்தையா பானெட்டைத் திறந்து உள்ளே தலையை விட்டுக்கொண்டார். பையன்கள் இறங்கி மரத்தடியில் உட்கார்ந்தார்கள்.

பன்னிரண்டரை ஆயிற்று. ஒரு மணி ஆயிற்று. பையன்கள் சூரியனையும் என்னையும் மாறி மாறிப் பார்த்தார்கள். குண்டு எறிகிற கூட்டம் கொதித்துப் போயிருந்தது. ஒருவன், “தள்ளிக்கிட்டே போயிருவோமா சார்? பந்திக்காச்சும் போய்ச் சேருவோம்” என்றான். மூன்று பேர் பின்னால் போய் உண்மையாகவே தள்ளத் தொடங்கிவிட்டார்கள். முத்தையா பதறிப்போய், தள்ளினால் இன்ஜின் கெட்டுவிடும் என்று கத்தினார். சோலைமலை மட்டும் கண்ணை மூடிக்கொண்டு படுத்திருந்தான். அவன் வயிறு இரைந்தது எனக்கே கேட்டது.

இரண்டே முக்காலுக்கு நாச்சியாபுரம் போய் இறங்கினோம். நான் அணியை நேராக மைதானத்துக்குக் கூட்டிப் போகப் பார்த்தேன்.

“தம்பி, அங்குட்டு எங்க போறீக? இங்குட்டு வாங்க.”

வாசலில் வள்ளியம்மை ஆச்சி நின்றிருந்தார். வெள்ளைச் சேலை, கையில் பனையோலை விசிறி. அதுவரை போட்டிக்கு அவர் நேரில் வந்ததே இல்லை. அவருக்குப் பின்னால், ஒக்கூர் அணியும் நெற்குப்பை அணியும் சுவரோரமாக உட்கார்ந்து எங்களைக் கொலைவெறியோடு பார்த்துக்கொண்டிருந்தார்கள். அவர்களும் சாப்பிடவில்லை!

“நாலு ஊர்ப் புள்ளைகளும் வந்தாத்தான் பந்தின்னு சொல்லிட்டேன். வழியில வண்டி கெட்டுப்போச்சா? பாவம், முகமெல்லாம் வாடிப்போச்சே.”

“ஆச்சி, மணி மூணு ஆகப்போகுது. ஓட்டம்...”

“ஓட்டம் எங்க போயிரப் போகுது? உக்காரச் சொல்லுங்க.”

சுந்தரம் சார் சிரித்த முகத்தோடு இலை போட ஆரம்பித்தார். நான் சோலைமலையைப் பார்த்தேன். அவன் தலையைக் குனிந்துகொண்டு பந்தியில் போய் உட்கார்ந்தான். தூக்கு மேடைக்குப் போகிறவன் முகம், ஆனால் முதல் ஆளாக உட்கார்ந்துவிட்டான்.

அப்போது ஆச்சி திரும்பி, “சுந்தரம், நம்ம பயலுக எங்க?” என்று கேட்டார்.

“அவுக... பிறகு சாப்பிடுவாக ஆச்சி.”

“பிறகென்ன பிறகு? மணி மூணாச்சு. எல்லாரையும் கூப்பிட்டு உக்கார வையி.”

சுந்தரம் சார் முகத்தில் இருந்த சிரிப்பு அப்படியே நின்றுபோயிற்று. பதினோரு மணிக்கே தயிர்சாதம் கொடுத்துவிட்டேன் என்று அவரால் சொல்ல முடியவில்லை. சொன்னால் ஏன் கொடுத்தாய் என்ற கேள்வி வரும். பனியனும் அரைக்கால் சட்டையுமாக அவருடைய பையன்கள் வரிசையாக வந்து எங்களுக்கு எதிரே உட்கார்ந்தார்கள். ஆச்சி தானே நின்று, பெயர் கேட்டு, ஒவ்வொரு இலையாகப் பார்த்தார்.

“ஏப்பா, உனக்கு விலா எலும்பெல்லாம் தெரியுது. இன்னொரு கரண்டி வைங்க இவனுக்கு.”

அவர்களுடைய சிறந்த ஓட்டக்காரன், கவுனி அரிசி மூன்றாவது தடவை வந்தபோது, கண்ணில் நீர் தளும்ப சுந்தரம் சாரைத் தேடினான். சுந்தரம் சார் தூணுக்குப் பின்னால் போய்விட்டார்.

மூன்றே முக்கால் சுற்று

ஆயிரத்தைந்நூறு மீட்டர் என்றால் அந்த மைதானத்தில் மூன்றே முக்கால் சுற்று. எட்டுப் பேர் கோட்டில் நின்றார்கள். நின்றார்கள் என்றா சொன்னேன்? அதில் இரண்டு பேர் குந்தியிருந்தார்கள்.

விசில் ஊதினேன். யாரும் பாயவில்லை. ஊர்வலம் கிளம்புவதுபோலக் கிளம்பினார்கள். முதல் சுற்றில் ஒக்கூர் பையன் ஒருவன் மரநிழல் வந்ததும் மரியாதையாக ஒதுங்கி உட்கார்ந்துகொண்டான். இரண்டாவது சுற்றில் நெற்குப்பைக்காரன் பாதையை விட்டு விலகி, நேராகத் தண்ணீர்ப் பானைக்குப் போனான். அவன் திரும்பி வரவேயில்லை. மைதானம் முழுவதும் ஏப்பச் சத்தம். பார்க்க வந்த ஊர்க்காரர் ஒருவர் பக்கத்தில் இருந்தவரிடம், “இது நடைப் போட்டியா?” என்று கேட்டார்.

மூன்றாவது சுற்றில் இரண்டு பேர்தான் மிஞ்சினார்கள். நாச்சியாபுரத்து ஓட்டக்காரனும் சோலைமலையும். இரண்டு பேரும் இடுப்பில் கை வைத்தபடி, பக்கத்துப் பக்கத்தில், ஏதோ குடும்ப விஷயம் பேசிக்கொண்டு போகிறவர்கள்போல வந்தார்கள். நான் விதியை மறந்து கோட்டோரமாகக் கூடவே ஓடினேன். ஓடினேன் என்பதுகூட அதிகம், வேகமாக நடந்தேன். நானும் பந்தியில் உட்கார்ந்தவன்தானே.

“சோலைமலை! ரயில்டா! ரயில் வந்துருச்சுடா!” என்று கத்தினேன்.

ஏன் அப்படிக் கத்தினேன் என்று எனக்குத் தெரியாது. ஆனால் அவன் தலை நிமிர்ந்தது. கைகள் இடுப்பை விட்டு இறங்கின. கடைசி ஐம்பது மீட்டரை ஓட்டம் என்று சொல்லக்கூடிய ஒன்றாக ஓடி, கோட்டைத் தாண்டி, அப்படியே மல்லாந்து விழுந்தான். இரண்டாவதாக வந்தவன் அவன் பக்கத்திலேயே படுத்துக்கொண்டான்.

கிளம்பும்போது ஆச்சியிடம் சொல்லிக்கொள்ளப் போனேன்.

“வண்டி சரியாயிருச்சா தம்பி?”

“ஆயிருச்சு ஆச்சி.”

“கெட்டாத்தானே சரியாகணும்? இலை போடுறப்ப உங்க டிரைவருக்கு மோர் குடுத்து என்ன கோளாறுன்னு கேட்டேன். ஒண்ணையும் மறைக்காமச் சொல்லிட்டாரு.” விசிறியை ஒரு தடவை வீசினார். “அதான் எங்க பயலுகளையும் உக்கார வச்சேன். இப்பச் சரியாப் போச்சா?”

ஆச்சி என்மேல் கோபப்படவில்லை. அதுதான் தாங்க முடியாததாக இருந்தது.

நான் கலைத்த சங்கம்

அடுத்த வருடம் போட்டியை நடத்த வேண்டியது ஒக்கூர். அந்த ஊர் பிரின்சிபாலும் அன்று பந்தியில் இருந்தார். இலையில் ஒவ்வொன்றாக விழ விழ அவர் முகம் வெளுத்துக்கொண்டே போனதைப் பார்த்தேன். பத்தே நாளில் கடிதம் வந்தது. ‘தவிர்க்க இயலாத காரணங்களால் சங்கத்திலிருந்து விலகுகிறோம்.’

அதே வாரம் சோலைமலை சான்றிதழோடு வந்தான். நான்கு பிரின்சிபால்களும் கையெழுத்துப் போட்டால்தான் செல்லும். மூன்று வாங்கியாயிற்று. ஒக்கூர்தான் பாக்கி. இரண்டு பேரும் பஸ் ஏறிப் போனோம்.

“விலகிட்டோமே தம்பி. இதுல கையெழுத்துப் போட்டா, இன்னும் சங்கத்துல இருக்கோம்னு ஆயிரும். அப்புறம் அடுத்த வருசம் நடத்தச் சொல்லுவீக.”

“நடத்துறதுல என்ன சார் சிரமம்?”

அவர் எழுந்து போய்க் கதவைச் சாத்திவிட்டு வந்தார். குரலைத் தாழ்த்திக்கொண்டார்.

“எங்க ஹாஸ்டல்ல கோதுமையைத் தவிர வேற எதையும் பாக்குறதே அபூர்வம். ஆச்சி போட்ட இலைக்கு அப்புறம் நான் எதைத் தம்பி போடுவேன்? புள்ளைக சிரிக்காதா? ஊர் சிரிக்காதா?”

பக்கத்தில் சோலைமலை சான்றிதழைச் சுருட்டிப் பிடித்தபடி நின்றான். விண்ணப்பம் போய்ச் சேர இன்னும் நான்கு நாள்தான். நான் அவருடைய மேஜையிலிருந்தே ஒரு தாளை எடுத்து எழுதினேன். ‘நாற்கல்லூரி விளையாட்டுச் சங்கம் இன்றுடன் கலைக்கப்படுகிறது. இனி எந்தக் கல்லூரியும் போட்டி நடத்தத் தேவையில்லை. இப்படிக்கு, கௌரவச் செயலாளர்.’

அப்படிக் கலைக்க எனக்கு அதிகாரம் உண்டா என்று அந்தப் பன்னிரண்டு விதிகளில் எதிலும் இல்லை. அவர் இரண்டு முறை படித்தார். தாளை மடித்துச் சட்டைப் பையில் பத்திரப்படுத்தினார். அதற்குப் பிறகு சான்றிதழை வாங்கி, முந்தின நாள் தேதி போட்டு, பெரிதாகக் கையெழுத்திட்டார். எங்களுக்குக் காபி சொன்னார்.

மற்ற மூன்று கல்லூரிக்காரர்களும் எதிர்ப்புத் தெரிவிப்பார்கள் என்று பயந்தேன். ஒருவர்கூட ஏன் என்று கேட்கவில்லை. எங்கள் பிரின்சிபால் நீண்ட பெருமூச்சு விட்டு, “நல்ல காரியம் பண்ணுனீக” என்றார்.

திரும்பி வந்த பஸ்ஸில்தான் கவனித்தேன். சான்றிதழில் ‘நேரம்’ என்று ஒரு கட்டம் காலியாக இருந்தது. ஸ்டாப் வாட்ச் காட்டியது ஒன்பது நிமிடத்துக்கும் மேலே. கையில் சாமானோடு போகிறவர்கள்கூட அதைவிடச் சீக்கிரம் போய்விடுவார்கள்.

“நாலரைன்னு போட்டுரட்டுமா?” என்றேன்.

“வேணாம் சார். பொய்யை எழுதிட்டு, கேட்டா முழிக்கணும். உள்ளதைப் போடுங்க.”

உள்ளதைப் போட்டேன். மனசு கேட்கவில்லை. எண்ணுக்குப் பக்கத்தில் சிறிய எழுத்தில் ‘உணவுக்குப் பின்’ என்று சேர்த்தேன்.

நேர்முகம்

தேர்வுக்குப் போய் வந்தவன் நேராக என் பரிசோதனைக்கூடத்துக்கு வந்தான். அதிகாரி சான்றிதழை வாங்கிப் பார்த்துவிட்டு, “இது என்னப்பா, மருந்துச் சீட்டா?” என்று கேட்டாராம்.

இவன் நடந்ததைச் சொல்ல ஆரம்பித்திருக்கிறான். பருப்பு, நெய், மண்டி என்று வரிசை தவறாமல் சொல்லியிருக்கிறான். டைப் அடித்துக்கொண்டிருந்தவர் கையை நிறுத்திவிட்டார். கவுனி அரிசிக்கு வந்தபோது அதிகாரி பேனாவை மூடி வைத்துவிட்டுக் கடிகாரத்தைப் பார்த்தாராம்.

“மணி ரெண்டாகப் போகுது. ஓட்டத்தை அப்புறம் வச்சுக்கலாம். எல்லாரும் கேண்டீன்ல சாப்பிட்டுட்டு வாங்க.”

சோலைமலை என்னிடம் இதைச் சொல்லும்போதும் அவன் நெற்றி வியர்த்தது.

“நான் எந்திரிச்சு நின்னுட்டேன் சார். ‘வேணாம் சார், நான் முதல்ல ஓடிர்றேன்’னு சொல்லிட்டேன்.”

“நீயா சொன்னே? வேணாம்னா?”

“நாந்தான் சார். வாயில வந்துருச்சு.”

எரிக்கிற வெயிலில், வெறும் வயிற்றோடு, தனியாக ஓடியிருக்கிறான். நாலேகால் நிமிடத்துக்குச் சற்று மேலே. அதிகாரி இரண்டு நேரங்களையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதி வைத்துக்கொண்டு, வெகுநேரம் சிரித்துவிட்டு, அவன் முதுகில் தட்டினாராம். ஆர்டர் வீட்டுக்கு வரும் என்று சொல்லி அனுப்பியிருக்கிறார்.

அவன் கையைப் பிடித்துக் குலுக்கினேன். “ஓடி முடிச்சதும் போய் நல்லாச் சாப்பிட்டியா?” என்று கேட்டேன்.

வேலை கிடைத்த சந்தோஷம் அவன் முகத்திலிருந்து ஒரு கணம் இறங்கியது.

“இல்லை சார்” என்றான். “அதிகாரி சிரிச்சு முடிக்கிறதுக்குள்ள கேண்டீனை மூடிட்டாக.”